வரிசைக்கு ஒரு ஆபீசர்

எங்கள் ஊர் ரேஷன் கடை வரிசையில் ஒன்றே கால் மணி நேரம் வெயிலில் நின்று, தன் முறை வந்ததும் "ஒண்ணும் வேணாங்க, நன்றி" என்று இடுப்பு வரை குனிந்து கும்பிட்டுவிட்டுத் திரும்பிப்போன ஒரே மனிதர் அவர்தான். கடைக்காரருக்குக் கோபப்படுவதா சிரிப்பதா என்று தெரியவில்லை. பின்னால் நின்ற பெண்கள், "பாவம், சீனி கேக்கக் கூச்சப்படுறாரு போல" என்று பேசிக்கொண்டார்கள். ஒருத்தி தன் சீனியில் பாதியை அவருக்குக் கொட்டிக் கொடுக்கவே போய்விட்டாள்.

அவர் பெயரை எழுதினால் சங்கடப்படுவார், எழுதவில்லை. ஆவூரில் எல்லோருக்கும் அவர் ஜப்பான் சார். ஒசாகாவில் என் மகள் ரெஜினாவுக்கு மேலதிகாரியாக இருந்தவர். அவள் கல்யாணத்துக்குப் பத்து நாள் முன்னாலேயே வந்து எங்கள் மாடி அறையில் தங்கினார். அங்கே உலகக் கண்காட்சி திறக்க அப்போது மூன்று மாதம்கூட இல்லை. கடலை மேடாக்கிய ஒரு தீவில் நாடுகளெல்லாம் ஆளுக்கொரு அரங்கம் கட்டிக்கொண்டிருந்த நேரம். அந்த அவசரத்திலும் லீவு போட்டு வந்ததற்குக் கல்யாணம் பாதிக் காரணம்தான். மீதிக் காரணம் வெயில். கண்காட்சி கோடை முழுக்க நடக்கப்போகிறது, வெயிலில் நிற்கத் தெரிந்த ஜனத்தை ஒருமுறை பார்த்துவிட வேண்டும் என்று வந்தாராம். எங்கள் தை மாத வெயிலைப் பார்த்துவிட்டு, இதுவே போதும் என்றார்.

அவர் வருவதற்கு முன்னால் ரெஜினாவிடம் போனில் விசாரித்தேன்.

"என்னடி வேலை பாக்குறாரு ஒங்க சார்?"

"வரிசைம்மா."

"வரிசைன்னா?"

"ஒரு அரங்கத்துக்கு வெளிய சனம் நிக்கும்ல. அது எங்க நிக்கணும், எப்படி வளையணும், எம்புட்டு நேரம் நிக்கலாம், தண்ணி எங்க, நெழல் எங்க, எல்லாம் அவருதான்."

"உள்ள என்ன இருக்குன்னு பாக்குறது?"

"அது வேற ஆளும்மா."

சிரிப்பை அடக்கவே முடியவில்லை எனக்கு. வரிசைக்கு ஒரு ஆபீசர், அவருக்குக் கீழே என் மகள். இதற்கா இவளை இன்ஜினியருக்குப் படிக்கவைத்தோம்? இருபத்தெட்டு வருடம் அங்கன்வாடியில் நண்டும் சிண்டுமாக முப்பது பிள்ளைகளை வரிசையில் நிறுத்தியே என் தொண்டை போனது. எனக்கு எவனும் விமான டிக்கெட் எடுத்துத் தரவில்லையே!

ஆனால் மனிதர் வந்த மூன்றாம் நாள் என் சமையலறைத் தரையைப் பார்த்தபிறகு வாய் அடங்கிவிட்டது. தரையில் சாக்பீஸால் கோடு. கோட்டுக்குள் துவரம்பருப்பு. பெரியவர்கள் துவரம்பருப்பாம், பிள்ளைகள் பாசிப்பயறாம், சக்கர நாற்காலியில் வருகிறவர்கள் தட்டைப்பயறாம். ஒரு தீப்பெட்டிதான் அரங்கத்து வாசல். விரலால் ஒவ்வொன்றாகத் தள்ளிக்கொண்டு, எந்த இடத்தில் நெரிகிறது என்று பார்த்துக்கொண்டிருந்தார். உலகமே வரப்போகிற கண்காட்சியின் கூட்டம் என் அடுப்புக்கும் கிரைண்டருக்கும் நடுவில் நகர்ந்துகொண்டிருந்தது. எங்கள் வீட்டுக்காரர் கணக்கு வாத்தியாராக இருந்து ஓய்வு பெற்றவர், அவருக்கு இதைவிட என்ன வேண்டும்? அவரும் குப்புறப் படுத்து ஊதிக்கொண்டும் தள்ளிக்கொண்டும் இருந்தார்.

"ஏங்க, சாம்பாருக்குப் பருப்பு வேணும்."

"இரு இரு, ரெண்டாவது வளைவுல நெரிசலா இருக்கு."

அன்றைக்கு எங்கள் வீட்டில் ரசம்தான்.

ஜப்பான் சாருக்கு ஒரே ஒரு பிடிவாதம். தான் நின்று பார்க்காத இடத்தில் இன்னொருத்தரை நிற்கவைக்க மாட்டார். அந்தத் தீவில் அரங்கத்துக்கு அஸ்திவாரம்கூடப் போடாத நாளில், வெறும் மண்ணில், ஆகஸ்டு வெயிலில், வரிசை வரப்போகிற இடத்தில் தன்னந்தனியாக நான்கு மணி நேரம் நின்றாராம். எதிரே அரங்கமும் இல்லை, பின்னால் ஆளும் இல்லை. கடிகாரத்தைப் பார்ப்பதும் காலை மாற்றுவதும் குறித்துக்கொள்வதுமாக இருந்தார் என்று ரெஜினா சொன்னாள்.

இங்கேயும் அதே கதைதான். பாங்கில் நின்றார், இ-சேவை மையத்தில் நின்றார், பெரியாஸ்பத்திரியில் சீட்டுப் பதியும் இடத்தில் நின்றார். புதுக்கோட்டை புது பஸ் ஸ்டாண்டில் நாங்கள் அவரைத் தொலைத்தே விட்டோம். ஆவூர்ப் பக்கம் போகும் பஸ் வந்ததும் நானும் ரெஜினாவும் முண்டியடித்து ஏறி, துண்டு போட்டு அவருக்கும் இடம் பிடித்துத் திரும்பிப் பார்த்தால் ஆள் கீழேயே நிற்கிறார். எல்லோரும் ஏறட்டும் என்று காத்திருக்கிறார். எல்லோரும் ஏறி முடிகிற பஸ் நம் ஊரில் எங்கே இருக்கிறது? பஸ் கிளம்பிவிட்டது. அடுத்த பஸ்ஸிலும் அப்படியே. மூன்றாவது பஸ்ஸில் கண்டக்டரே இறங்கி வந்து, "சார், நீங்க ஏறுனாத்தான் வண்டிய எடுப்பேன்" என்று கையைப் பிடித்து ஏற்றினாராம். வீட்டுக்கு வந்து, மிகவும் மரியாதையான கண்டக்டர் என்று புகழ்ந்தார்.

பின்னால், கண்காட்சி நடந்த ஆறு மாதமும் ரெஜினா படம் படமாக அனுப்பினாள். வானத்தையே வளைத்ததுபோல ஒரு பெரிய மர வளையம், அதன் அடியில் எள் போட்டால் விழாத கூட்டம். ஒன்றிலும் அவரைக் காணோம். "எங்கடி ஒங்க சாரு?" என்று கேட்டேன். "வரிசைக் கடைசியில பாரும்மா" என்றாள். பெரிதாக்கிப் பார்த்தேன். வரிசையின் வாலில், யாரோ ஒரு கிழவிக்குப் பின்னால், குடையோடு, பார்க்க வந்த ஆள்போல நின்றுகொண்டிருந்தார்.

அவரிடம் எனக்குப் பிடிக்காத பழக்கம் ஒன்றும் இருந்தது. ரெஜினாவிடம் கேட்டு ஒரு தமிழ் வாக்கியம் மனப்பாடம் பண்ணி வைத்துக்கொண்டு, பார்க்கிறவர்களிடமெல்லாம் கேட்பார்.

"நீங்க ரொம்ப நேரம் காத்திருந்தது எப்போ?"

பால்காரம்மா பட்டென்று சொன்னாள்: "எம் புருசன் திருந்துவாருன்னு முப்பது வருசமாக் காத்திருக்கேன், எழுதிக்கங்க." அதையும் எழுதிக்கொண்டார். என்னிடம் கேட்டபோது காஸ் சிலிண்டருக்கு என்று சொல்லித் தப்பித்தேன். ஆனால் அந்தக் கேள்வி உள்ளே குடைந்துகொண்டே இருந்தது. மறுநாள் அவர் பருப்பை அடுக்கிக்கொண்டிருக்கையில், நானே போய் எதிரே உட்கார்ந்தேன்.

"ரெஜினா, இதச் சொல்லு அவருக்கு. நான் காத்திருந்தது கெடக்கட்டும். நான் காத்திருக்காமப் போனது ஒண்ணு இருக்கு."

ஒன்பது வருடத்துக்கு முந்திய கதை. எங்கள் அப்பா இறந்தபோது என் தம்பி அந்தோணி குவைத்தில் இருந்தான். போனில் அழுதான். "வச்சிருங்கக்கா, நான் பாக்காம எடுத்துறாதீங்க, வந்துர்றேன்." மறுநாள் விமானம் தாமதம். மழை இருட்டிக்கொண்டு வந்தது. பங்குச் சாமியாருக்கு இன்னொரு ஊரில் பூசை இருந்தது. பெரியவர்கள் என்னைப் பார்த்து, "மூத்தவ நீ சொல்லு" என்றார்கள். ஐஸ் பெட்டி இருந்தது, கரன்ட் இருந்தது, இன்னொரு நாள்கூட வைத்திருக்கலாம். நான்தான் "சரி, எடுத்துரலாம்" என்றேன். நாலு மணிக்கு எடுத்தோம். ஐந்தரைக்கு அவன் பெட்டியும் கையுமாக வந்து நின்றான். கல்லறையில் ஈர மண்ணைப் பார்த்தான், என்னைப் பார்த்தான். "ஒன்றரை மணி நேரம் தாங்கலையாக்கா ஒனக்கு?" அதுதான் அவன் என்னிடம் கடைசியாகப் பேசியது. அப்புறம் குவைத்தை விட்டு வந்து, பெண்டாட்டி ஊரான ஜெகதாப்பட்டினத்தில் ஐஸ் கம்பெனி வேலையில் இருந்துவிட்டான். என் வீட்டு வாசல் மிதிக்கவில்லை. நான் போன் பண்ணினால் எடுக்கவும் இல்லை.

"தப்பு என்னோடதுதான்" என்று நான் சொன்னபோது ரெஜினா மொழிபெயர்ப்பதை நிறுத்திவிட்டாள். ஒன்பது வருடத்தில் அதை நான் வாய்விட்டுச் சொன்னது அன்றைக்குத்தான். ஜப்பான் சார் நோட்டை மூடிவைத்துவிட்டு, என் தம்பி இந்தக் கல்யாணத்துக்கு வருகிறாரா என்று மட்டும் கேட்டார்.

"ரெஜினா போய்க் கூப்புட்டுட்டு வந்தா. வாரேன்னும் சொல்லல, வரலைன்னும் சொல்லல."

நகை, புடவை, பிரியாணி எல்லாம் ஒரு பக்கம். எனக்கு அந்தக் கல்யாணமே என் தம்பி வருவானா மாட்டானா என்பதுதான்.

அப்படியிருக்க, இந்த இரண்டு ஆம்பளைகளும் ஒரு காரியம் பண்ணினார்கள். முந்தின வாரம் பக்கத்து வீட்டுக் கல்யாணத்துக்கு ஜப்பான் சாரை அழைத்துப் போயிருந்தோம். பந்தியில் சாப்பிடுகிறவரின் நாற்காலிக்குப் பின்னால் அடுத்த ஆள் வந்து நின்று, முதுகில் மூச்சுவிட்டுக்கொண்டு இடம் பிடிப்பதைப் பார்த்து மனிதர் ஆடிப்போய்விட்டார். அவரும் எங்கள் வீட்டுக்காரரும் தரையில் பருப்பை நகர்த்தி நகர்த்தி ஒரு திட்டம் போட்டார்கள். வருகிறவர்களுக்கு டோக்கன். மின்விசிறிக்குக் கீழே உட்கார நாற்காலி, கையில் மோர். நம்பரைக் கூப்பிட்டதும் எழுந்துபோய்ச் சாப்பிடலாம்.

"கல்யாண வீட்டுல டோக்கனா? காறித் துப்புவாங்க!" என்றேன்.

"நீ சும்மா இரு. உலகக் கண்காட்சிக்கே போட்ட மூளை இது" என்றார் வீட்டுக்காரர்.

சும்மா சொல்லக்கூடாது, முதல் இரண்டு பந்திக்கு அருமையாக நடந்தது. நாற்காலிக்குப் பின்னால் ஒரு ஆள் இல்லை. மோரைக் குடித்துக்கொண்டு ஜனம் சிரித்துப் பேசியது. ஜப்பான் சார் வாசலில் வேட்டி சட்டையில் நின்று ஒவ்வொருவருக்கும் குனிந்து கும்பிட்டார், பதிலுக்குக் குனிந்து குனிந்து எங்கள் ஆட்களுக்கு இடுப்பு விட்டுப்போனது. கோயிலில் தாலி கட்டும்போது வராத என் தம்பி, ஒரு மணிக்கு மண்டபத்துக்கு வந்தான். கையில் சீர்த்தட்டு, பக்கத்தில் பெண்டாட்டி. வாசல் மேசையில் இருந்தது எங்கள் வீட்டுக்காரரின் சிநேகிதர், இன்னொரு ஓய்வு பெற்ற வாத்தியார். தாடி வைத்த அந்தோணியை அவருக்கு அடையாளம் தெரியவில்லை.

"வாங்க தம்பி, முன்னூத்தி நாப்பத்தி மூணு. உக்காருங்க, அரை மணி நேரம் ஆகும்."

அடி ஆத்தி! தாய்மாமனுக்கு டோக்கன்! பெண்ணுக்கு மாமன் வந்தால் எதிர்கொண்டு போய்க் கையைப் பிடித்து அழைத்துவந்து முதல் இலையில் உட்கார வைக்கிற ஊர் இது. காத்திருக்கவில்லை என்று கோபித்துக்கொண்டு போனவனை இப்போது காத்திருக்கச் சொல்லியாகிவிட்டது. அவன் சீர்த்தட்டை நாற்காலியில் வைத்தான். டோக்கனை அதன்மேல் வைத்தான். வெளியே போய்த் தன் காருக்குப் பக்கத்தில் நின்றுகொண்டான். "வா, போவோம்" என்கிறான், அவன் பெண்டாட்டி நகர மாட்டேன் என்கிறாள். நான் எதிரே போய் நின்றால் காரை எடுத்துவிடுவான் என்று பயம். சமையல்கட்டு ஜன்னலில் ஒளிந்து நின்று, "மாதாவே, கைவிட்டுறாத" என்று வேண்டிக்கொண்டிருந்தேன்.

அப்போதுதான் ஜப்பான் சார் படி இறங்கிப் போனார். போய்ப் பேசுவார், மன்னிப்புக் கேட்பார் என்று பார்த்தால், இல்லை. அவனுக்கு இரண்டடி பின்னால் போய் வெயிலில் நின்றுகொண்டார். ஐந்து நிமிடம், பத்து நிமிடம், இருபது நிமிடம். அந்தோணி திரும்பித் திரும்பிப் பார்த்தான். நடந்த பேச்சை அவன் பெண்டாட்டி பின்னால் எனக்குச் சொன்னாள். இவன் குவைத்தில் கற்ற ஆங்கிலம், அவர் பத்து நாளில் கற்ற தமிழ்.

"என்ன சார் வேணும்? சாப்ட்டாச்சா?"

அவர் பையிலிருந்து தன் டோக்கனை எடுத்துக் காட்டினார். டோக்கன் கட்டிலேயே கடைசி நம்பர். யாருக்கும் தராமல் தனக்கென்று எடுத்து வைத்திருந்தார்.

"ஒங்களுக்குப் பின்னால நான்" என்றார்.

"நான் இங்க சாப்புடப் போறதில்ல சார்."

"சரி. நானும் காத்திருக்கேன்."

"மணி ரெண்டாகப் போகுது! காலையில என்ன சாப்ட்டீங்க?"

"ஒண்ணும் இல்ல. காத்திருக்கேன்."

அந்தோணி அவரையே பார்த்தானாம். கண் கலங்கிவிட்டது என்றாள் அவன் பெண்டாட்டி. பிறகு, "தூர தேசத்துலேருந்து வந்த மனுசனப் பட்டினி போட்டு வச்சிருக்காளுங்க, இந்த வீட்டுல எவளுக்கும் கூறு கெடையாது" என்று ஊருக்கே கேட்கிற மாதிரி கத்திவிட்டு, அவர் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு பந்திக்குள் நுழைந்தான். யார் நம்பரும் பார்க்கவில்லை. இரண்டு இலை போட்டார்கள். நான் பிரியாணி வாளியோடு ஓடினேன். தம்பி என் முகத்தைப் பார்க்கவில்லை. "போதும்" என்று இலையைப் பார்த்துச் சொன்னான். ஆனால் சாப்பிட்டான். என் கையால் வைத்ததை, பாயசம் வரைக்கும் சாப்பிட்டான். சமையல்கட்டுக்குப் போய் வாயைப் பொத்திக்கொண்டு அழுதேன். ரெஜினாவுக்கு நெற்றியில் சிலுவை போட்டுவிட்டு, என்னிடம் சொல்லாமலே ஜெகதாப்பட்டினத்துக்குப் போய்விட்டான்.

மறுநாள் பகல் பன்னிரண்டு மணிக்குத் திருச்சியில் ஜப்பான் சாருக்கு விமானம். அதற்கடுத்த நாள் அவருடைய வரிசைத் திட்டத்தைப் பெரிய அதிகாரிகள் பார்த்து முடிவு பண்ணுகிற கூட்டம். இரண்டு வருட உழைப்பு. காலை எட்டரைக்கு வாசலில் கார் வந்து நின்றது. பார்த்தால் அந்தோணி! விடிகாலையிலேயே கிளம்பி வந்திருக்கிறான். "சாரை நான் கொண்டுபோய் விடுறேன் மச்சான்" என்று எங்கள் வீட்டுக்காரரிடம் சொன்னான். என் பக்கம் திரும்பவில்லை. வீட்டுக்குள்ளும் வரவில்லை. எங்கள் வீட்டுக்காரரும் காரில் ஏறிக்கொண்டார்.

போகிற வழியில் கல்லறைத் தோட்டத்தில் காரை நிறுத்தினானாம். "அஞ்சு நிமிசம்" என்று இறங்கியவன் அப்பா கல்லறையில் போய் உட்கார்ந்தான். அன்றைக்கு மண்ணைப் பார்த்துவிட்டுப் போனதற்கு அப்புறம் அங்கே வரவே இல்லை அவன். ஐந்து நிமிடம் அரை மணியானது, ஒரு மணியானது, இரண்டு மணியும் தாண்டியது. எங்கள் வீட்டுக்காரர் பதறிப்போய்க் கடிகாரத்தைப் பார்க்க, ஜப்பான் சார் தன் உள்ளங்கையால் அந்தக் கடிகாரத்தை மூடிப் பிடித்துக்கொண்டாராம். அப்படியே விடாமல் நின்றாராம். அந்தோணி எழுந்தபோது மணி பதினொன்றே கால். விமானம் போயே போய்விட்டது.

அடுத்த விமானம் மறுநாள் இரவு. அந்தோணி அவரை நேராக ஜெகதாப்பட்டினத்துக்குக் கொண்டுபோய்விட்டான். ஒசாகாக் கூட்டம் மறுநாள் காலை நம் நேரம் ஒன்பதரைக்கு. அவன் வீட்டு ஹாலில் கம்ப்யூட்டரைத் திறந்துவைத்துக்கொண்டு உட்கார்ந்தார் ஜப்பான் சார். பின்னால் சேவல் கூவுகிறது, தெருவில் மீன் ஏலம், லுங்கியோடு என் தம்பி குறுக்கும் நெடுக்கும் போகிறான். அதிகாரிகள் அத்தனை பேரும் அவனுக்கு வணக்கம் சொன்னார்களாம். திட்டத்தில் ஒரே ஒரு திருத்தம் சொன்னார் அவர். வரிசையின் கடைசியில் எப்போதும் அரங்கத்து ஆள் ஒருவர் நிற்க வேண்டும், ஒலிபெருக்கியோடு அல்ல, சும்மா, கூட நிற்க வேண்டும் என்றாராம். யாரும் மறுக்கவில்லை என்று கூட்டத்தைக் கேட்டுக்கொண்டிருந்த ரெஜினா சொல்லிச் சந்தோசப்பட்டாள்.

அன்று மத்தியானம் பன்னிரண்டு மணிக்கு என் போன் அடித்தது. திரையில் தம்பி பெயர். ஒன்பது வருடமாக அந்தப் பெயரை நான் அழிக்கவில்லை.

"அக்கா."

போனைக் காதோடு அழுத்திப் பிடித்துக்கொண்டேன்.

"அக்கா, இருக்கியா? இந்த மனுசன வச்சுக்கிட்டுப் பெரிய ரோதனையா இருக்கு. நான் சாப்ட்டாத்தான் சாப்புடுவாராம். விருந்தாளிய விட்டுட்டு நான் எப்பிடிச் சாப்புடுறது? நண்டு ஆறிக்கிட்டு இருக்கு."

"அதுக்கு நான் என்னடா செய்ய?"

"நீ வா. நீ வந்து பரிமாறு, மூணு பேரும் ஒண்ணா உக்காருவோம்."

"டேய், பஸ்ஸப் புடிச்சு நான் வந்து சேர மூணு மணி நேரமாவது ஆகும்டா."

பின்னால் சேவல் கூவுவது கேட்டது.

"ஆகட்டும்கா. நாங்க காத்திருக்கோம்."